பெயரைத் தின்னும் நிலம்

கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் நடந்த ஒரு வாசிப்புக் கூட்டத்தில் இளம் எழுத்தாளர் ஒருவர் சொன்ன கருத்துக்கு அரங்கில் பாதிப் பேர் தலையாட்டினார்கள். “தோட்டமும் சயாமும் எழுதி எழுதித் தேய்ந்துவிட்டன. இனி நமக்கு வேண்டியவை கற்பனை நிலங்கள். உள்ளே போகிறவனின் நினைவை உறிஞ்சிவிடும் காடு, பொருள்களின் பெயரை அழித்துவிடும் தீவு. அப்படி எழுதினால்தான் உலகம் நம்மைத் திரும்பிப் பார்க்கும்.” யோகோ ஒகாவாவின் நினைவுக் காவலர்கள் மேடைக்கு வந்தார்கள். மார்க்வெஸின் மக்கோந்தோவில் பரவிய மறதி நோயும் வந்தது. பிறகு தேநீர் இடைவேளை.

எனக்குத் தோன்றியது ஒன்றுதான். இவர்கள் தேடும் அந்த நிலத்தின்மேல்தான் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள்.

சில ஆண்டுகளாகவே இந்தக் கருத்து வெவ்வேறு வேடத்தில் மலேசியத் தமிழ் எழுத்தாளர்களான நம்மிடையே உலவுகிறது. ஒருமுறை ‘நகர இலக்கியம்’ என்று வரும், இன்னொருமுறை ‘தோட்டப் புலம்பல் போதும்’ என்று வரும். இப்போது மாய நிலம். மூன்றுக்கும் அடியில் இருப்பது ஒரே நம்பிக்கை: நம் கடந்த காலத்தை எழுதி முடித்துவிட்டோம் என்பது. ரப்பர் தோட்டத்து வாழ்க்கையை நிறையவே எழுதியிருக்கிறோம், ஒப்புக்கொள்கிறேன். அந்த வாழ்க்கை எப்படி மறக்கடிக்கப்பட்டது என்பதை எழுதினோமா?

பழைய கணக்கைச் சுருக்கமாகப் பார்த்துவிடலாம், தெரிந்த கதைதான். 1917-இல் க. வெங்கடரத்தினத்தின் ‘கருணாசாகரன் அல்லது காதலின் மாட்சி’. தலைப்பே அதன் காலத்தைச் சொல்லிவிடும். 1924-இல் கோலாலம்பூரில் தமிழ் நேசன், 1935-இல் சிங்கப்பூரில் கோ. சாரங்கபாணியின் தமிழ் முரசு. 1950-இல் நேசனில் சுப. நாராயணனும் பைரோஜி நாராயணனும் நடத்திய கதை வகுப்பு. பின்னர் எழுத்தாளர் சங்கம். இந்த அரை நூற்றாண்டில் பெரும்பாலும் நம் களிமண்ணைத் தமிழகத்து அச்சில்தான் அடைத்துக்கொண்டிருந்தோம். அச்சு எங்கே உடைந்தது என்று கேட்டால், 1971-இல் வந்த எம். குமாரனின் ‘செம்மண்ணும் நீல மலர்களும்’ நாவலைக் காட்டுவேன். அளவில் சிறியது, ஆனால் தோட்டக் குடியிருப்பான லயத்தின் வாசலில் நின்று பேசுவது.

வெளியிலிருந்து வந்து பார்த்த அகிலன் ‘பால்மரக் காட்டினிலே’ எழுதினார். இரக்கம் ததும்பும் விருந்தாளியின் நாவல் அது. ப. சிங்காரம் வேறு தரத்தவர். மெடானையும் பினாங்கையும் உள்ளிருந்து அறிந்தவர். ‘புயலிலே ஒரு தோணி’க்கு ஈடாக யுத்த காலத்தைச் சொன்ன நாவல் தமிழில் இன்றுவரை இல்லை என்பேன். ஆனால் அவர் கண் கடைப்பையன்கள் மேலும் பட்டாளத்துக்காரர் மேலும் இருந்தது. அந்தத் தோணியில் பால்வெட்டுக்காரனுக்கு ஓரத்தில்தான் இடம்.

யுத்த காலத்தில் அந்தப் பால்வெட்டுக்காரன் எங்கே போனான்? சயாமுக்கு, இன்றைய தாய்லாந்துக்கு, போனான்.

தாய்லாந்தின் பான் போங் பக்கத்திலிருந்து பர்மாவின் தான்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர் ரயில் பாதை. ஜப்பானியர்கள் 1942 நடுவில் தொடங்கி 1943 அக்டோபரில் இரு முனைகளையும் இணைத்தார்கள். நேச நாட்டுப் போர்க் கைதிகள் 60,000-க்கும் மேல் அங்கே வேலை செய்தார்கள், அவர்களில் ஏறத்தாழ 12,000 பேர் மாண்டார்கள். ஆசியத் தொழிலாளர்களை எண்ணுவதில் யாரும் அந்த அளவு அக்கறை காட்டவில்லை. இரண்டு லட்சம் அளவில் இருக்கலாம், 90,000 பேர் மாண்டிருக்கலாம் என்பதெல்லாம் மதிப்பீடுகள். மலாயாவிலிருந்து போனவர்கள் மட்டும் எழுபதாயிரத்துக்கும் மேல். அவர்களில் பெரும்பாலோர் தோட்டத்துத் தமிழர்கள். நல்ல கூலி, சில மாத வேலை என்று ஆசை காட்டி அனுப்பப்பட்டவர்கள் பாதி. காலையில் ஆள் எண்ணும் பெரட்டுக் களத்திலிருந்தும் சினிமாக் கொட்டகையிலிருந்தும் வளைத்துப் பிடிக்கப்பட்டவர்கள் மீதி.

காஞ்சனபுரி போர்க் கல்லறைத் தோட்டத்தில் ஏறத்தாழ 7,000 கல்லறைகள் வரிசை பிசகாமல் இருக்கின்றன. பிரிட்டிஷார், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர். தோட்டத் தொழிலாளிக்கு அங்கே இடமில்லை. அந்தப் பாதையில் ஓடிய ஒரு நீராவி எஞ்சின் தோக்கியோவின் யாசுகுனி ஆலய அருங்காட்சியகத்தில் மெருகு குலையாமல் நிற்கிறது. அதன் எண் சி56 31. எஞ்சினுக்கு எண்ணும் கூரையும் கிடைத்தன. அதற்குத் தண்டவாளம் போட்டவனுக்கு இரண்டும் கிடைக்கவில்லை.

உலக இலக்கியம் என்ன செய்தது? 1952-இல் பியர் பூல் குவாய் நதிப் பாலத்தை நாவலாக்கினார். 1957-இல் டேவிட் லீன் அதைப் படமாக்கினார். பூல் போருக்கு முன் மலாயாவின் ரப்பர் தோட்டத்தில் பொறியாளராக இருந்தவர். தமிழர்கள் வெட்டிய பாலில் சம்பளம் வாங்கியவர். அவர் கதை வழியாக உலகம் நினைவில் வைத்துக்கொண்டது ஒரு பிரிட்டிஷ் கர்னலை. 2014-இல் புக்கர் பரிசு வாங்கிய ரிச்சர்ட் ஃபிளனகனின் நாவல் ஆஸ்திரேலியக் கைதிகளுக்குக் காவியம் பாடியது. அவர்கள் தங்கள் ஆட்களை எழுதினார்கள், அதில் தவறு காண முடியாது. நம் ஆட்களை நாம் எழுத எவ்வளவு காலம் ஆனது?

சயாமைப் பற்றிய நாவல் என்றதும் நாம் முதலில் சொல்வது ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’. அது வந்தது 1993-இல். பாதை முடிந்து சரியாக ஐம்பது ஆண்டுகள்.

இந்த ஐம்பது ஆண்டு மௌனத்தைத்தான் நம் ஆய்வாளர்கள் அவசரமாகத் தாண்டிப் போகிறார்கள். எழுதப் படிக்கத் தெரியாதவர்களின் அனுபவம், அதனால் பதிவாகவில்லை என்பது வழக்கமான விளக்கம். பாதி விளக்கம் அது. எழுதத் தெரியாதவர்களுக்கு ஒப்பாரி தெரியும், தாலாட்டு தெரியும். அழுது தீர்க்க அவகாசம் கிடைக்கவில்லை என்பதே மீதி. கிள்ளான் பள்ளத்தாக்கை மட்டும் எடுத்துக்கொண்டு வரிசையாகப் பாருங்கள்.

1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டங்களில் வேலைநிறுத்தம் மூண்டது. கிள்ளான் மாவட்ட இந்தியர் சங்கத்தின் ஆர்.எச். நாதன், தமிழ் நேசனில் பணியாற்றியவர், மே 6-இல் கைதானார். தொழிலாளர்கள் கேட்டவற்றில் சீனத் தொழிலாளருக்கு இணையான கூலி இருந்தது, கள்ளுக்கடைகளை மூடு என்பது இருந்தது. துரையைக் கண்டால் சைக்கிளை விட்டு இறங்கி நிற்க வேண்டும் என்ற வழக்கத்தை ஒழி என்பதும் இருந்தது. படை வந்தது. துப்பாக்கிச் சூட்டில் ஐந்து பேர் மாண்டார்கள். நாதன் நாடு கடத்தப்பட்டார். அந்தக் காயம் ஆறுவதற்குள் ஜப்பானியர் வந்துவிட்டார்கள், சயாமுக்கு ஆள்பிடிப்பு தொடங்கியது. சயாமிலிருந்து திரும்பியவர்கள் மூச்சு விடுவதற்குள் 1948-இல் கம்யூனிஸ்டுகளுக்கு எதிரான அவசரகாலம். யாரோடு பேசினாய், யாருக்கு அரிசி கொடுத்தாய் என்ற விசாரணைகளுக்கு நடுவில் யார் பழைய கதை பேசுவார்கள்? அதைத் தொடர்ந்து தோட்டத் துண்டாடல். வெள்ளைக்காரக் கம்பெனிகள் விற்றுவிட்டுப் போன தோட்டங்களைத் துண்டு போட்டு விற்றார்கள், தலைமுறையாகக் குடியிருந்த லயங்கள் காலியாயின. 1960-இல் வீ.தி. சம்பந்தன் தொழிலாளர்களிடம் பத்துப் பத்து வெள்ளியாகச் சேர்த்துத் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியது இதனால்தான். நாங்கள் தேநீர் குடிக்க இறங்கிய சாலைக்கு அவர் பெயர்தான். சாலைக்கு அந்தப் பெயர் வந்த காரணத்தை அந்த மேசையில் யாரும் பேசவில்லை.

கலகத்தின் நினைவைச் சயாம் விழுங்கியது. சயாமின் நினைவை அவசரகாலம் விழுங்கியது. அவசரகாலத்தைத் துண்டாடலும், துண்டாடலைத் தாமான் என்னும் புதிய குடியிருப்புகளும் விழுங்கின. ஒரு துக்கத்தை ஆற அமர உட்கார்ந்து அழவிடாமல் அடுத்த துக்கம் வந்து வாசலில் நின்றது. ஒகாவாவின் தீவில் நினைவை அழிக்கச் சீருடை அணிந்த காவலர்கள் வேண்டியிருந்தது. நம் நிலத்துக்கு அந்தச் செலவுகூட இல்லை. புதிய பெயர்ப்பலகை ஒன்று போதும்.

இந்த வரிசையை முழுதாகக் கண்ட எழுத்தாளர் நமக்கு ஒருவர் உண்டு. அ. ரெங்கசாமி. ஜப்பானியர் காலத்தைச் சிறுவயதில் கண்ணால் பார்த்தவர். இரண்டாயிரத்துக்குப் பின், பலர் பேனாவை மூடிவைக்கும் வயதில், சயாமுக்கு ‘நினைவுச் சின்னம்’, அவசரகாலத்துக்கு ‘லங்காட் நதிக்கரை’, இந்திய தேசிய ராணுவத்துக்கு ‘இமையத் தியாகம்’ என்று அடுத்தடுத்து எழுதினார். தனித்தனி நாவல்கள்தான். ஆனால் அடுக்கிப் பார்த்தால் பத்தாண்டு வரலாற்றை ஒரே மனிதக் கூட்டத்தின் தலைவழியாக ஓடவிட்ட திட்டம் தெரியும். இப்படியொரு திட்டத்தை நம்மில் வேறு யார் இந்தப் பிடிவாதத்தோடு செய்து முடித்தார்கள்?

அவரைப் பாராட்டும்போதே ‘நல்ல ஆவணம்’ என்று சொல்லி ஓரமாக உட்காரவைப்பவர்கள் உண்டு. குறைகளை நானும் மறைக்கவில்லை. அவருடைய மனிதர்கள் நல்லவர், கெட்டவர் என்று சீக்கிரமே பிரிந்துவிடுகிறார்கள். உரையாடல் சில இடங்களில் மேடை ஏறிவிடுகிறது. மொழியில் தேவையற்ற அலங்காரம் கிடையாது, தேவையான அலங்காரமும் கிடையாது. ஆனால் அழகாக எழுதத் தெரிந்தவர்கள் எல்லோரும் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தபோது மூங்கில் கொட்டகையையும் வாந்திபேதியையும் பார்த்துக்கொண்டிருந்தவர் அவர். ‘லங்காட் நதிக்கரை’யில் இரவில் காட்டுக்காரர்களுக்கும் பகலில் ராணுவத்துக்கும் பதில் சொல்ல வேண்டிய சனங்களின் பயம் இருக்கிறதே, அதை எந்த அழகியல் தராசில் வைப்பது? 2014-இல் வல்லினம் இலக்கியக் குழு தன் முதல் விருதை அவருக்குத் தந்தபோது காலம் தாழ்ந்த நீதி ஒன்று நடந்தது. விருதுக்குப் பிறகாவது அவர் நாவல்கள் வாசிக்கப்படும் என்று நினைத்தேன். விருது பேசப்பட்ட அளவு நாவல்கள் பேசப்படவில்லை.

ரெங்கசாமிக்கும் எனக்கும் ஒரே ஒரு வழக்கு உண்டு. அவரும் சண்முகமும், பிறகு ‘கையறு’ எழுதிய கோ. புண்ணியவானும் ரயிலில் ஏறிவிடுகிறார்கள். ஏறத்தான் வேண்டும், அங்கேதான் சாவு நடக்கிறது. ஆனால் மறதி நடக்கும் இடம் ரயில் அல்ல, லயம். போனவன் செத்தானா இருக்கிறானா என்று சொல்ல ஒரு கடிதம் இல்லை, சான்றிதழ் இல்லை, உடல் இல்லை. கருமாதி செய்யலாமா? எந்தத் தேதியில்? தாலியைக் கழற்றுவதா வேண்டாமா? மறுமணம் செய்துகொண்ட பின் ஒருநாள் அவன் எலும்பும் தோலுமாகப் பெரட்டுக் களத்தில் வந்து நின்றால்? இந்தப் பெண் நம் நாவல்களில் வந்து போகிறாள். ஆனால் மையம் பெரும்பாலும் ரயிலுக்கே போய்விடுகிறது. மாய நிலத்தைத் தேடுகிறவர்கள் இவள் அடுப்படியில் பத்து நிமிடம் உட்காரட்டும்.

எனக்குக் கோபம் வருவது சயாமை எழுதியவர்கள்மேல் அல்ல. ‘சயாம் மரண ரயில்’ வந்ததற்கு முந்தைய, பிந்தைய பத்தாண்டுகளில் வந்து குவிந்த சமர்த்தான நாவல்கள்மேல்தான். எண்பதுகளும் தொண்ணூறுகளும் கிள்ளான் பள்ளத்தாக்கின் நிலம் தலைகீழான காலம். எஃபிங்ஹாம் தோட்டத்தின்மேல் ஐம்பதுகளிலேயே பெட்டாலிங் ஜெயா எழத் தொடங்கியிருந்தது, மிச்சத்தில் பண்டார் உத்தாமா வந்தது. சீஃபீல்டு தோட்டம் சுபாங் ஜெயா ஆனது. சுங்கை ரெங்கம் ஷா ஆலமாயிற்று. புக்கிட் ஜாலில் தோட்டத்து நிலத்தில் 1998 காமன்வெல்த் போட்டிக்கு விளையாட்டரங்கம் எழுந்தது. பிராங் பெசார் தோட்டம் புத்ராஜெயாவாகி நாட்டின் நிர்வாகத் தலைநகரம் ஆனது. அங்கிருந்த தொழிலாளர்களை டிங்கிலில் கொண்டுபோய் விட்டார்கள், அவர்கள் அடுக்குமாடிச் சுவர்களில் விரிசல் விழுந்த செய்தி பின்னர் நாளிதழில் வந்தது. பங்சார் என்ற பெயரே புங்கே, கிரிசார் என்ற இரண்டு தோட்ட முதலாளிகளின் பெயர் ஒட்டி வந்தது என்கிறார்கள். முதலாளி பெயர் ஒரு பேட்டையாக வாழ்கிறது. மரம் வெட்டியவன் பெயரில் ஒரு சந்துகூட இல்லை.

இந்தக் காலத்தில் நம் நாவல்கள் என்ன செய்தன? போட்டிக்கு எழுதின. குடும்பச் சிக்கல், கல்லூரிக் காதல், கடைசி அத்தியாயத்தில் மனம் திருந்தும் மகன். ரெ. கார்த்திகேசு நடுத்தர வர்க்கத்தை நாகரிகமாக, நுட்பமாக எழுதினார், அவர் இடம் அவருக்கு உண்டு. சை. பீர்முகம்மது ‘வேரும் வாழ்வும்’ தொகுப்புகளில் சிறுகதைகளைத் தேடி எடுத்துச் சேர்த்தார். அந்த உழைப்புக்கு நாம் கடன்பட்டிருக்கிறோம். ஆனால் தோட்டத்துக்கும் தாமானுக்கும் இடையே, லாரியில் சாமான் ஏற்றிய அந்த ஒரு நாளுக்குள் நுழைந்தவர்கள் மிகக் குறைவு.

ஆங்கிலத்தில் எழுதிய கே.எஸ். மணியம் நுழைந்தார். அவருடைய ‘பிட்வீன் லைவ்ஸ்’ நாவலில் செல்லம்மா என்ற கிழவி தன் நிலத்தை விட்டு எழ மறுக்கிறாள். எழுப்பிவிட வந்த அரசு ஊழியப் பெண், கிழவியின் கதைகளில் சிக்கித் தானும் உட்கார்ந்துவிடுகிறாள். நிலத்தைக் காலி செய்வதும் நினைவைக் காலி செய்வதும் ஒரே கோப்பில் நடக்கும் வேலை என்பதை அதைவிட அமைதியாக யாரும் சொல்லவில்லை. அந்த நாவல் நம் தமிழ் மேடைகளில் எத்தனை முறை பேசப்பட்டது?

பின்னர் வந்த நாவல்களில் நம்பிக்கை இருக்கிறது. சீ. முத்துசாமி ‘மண்புழுக்க’ளில் தோட்டத்துப் பேச்சைத் துடைத்துப் பாலிஷ் போடாமல் தந்தார். 2017-இல் விஷ்ணுபுரம் விருது அவரைத் தேடி வந்தது சும்மா அல்ல. புண்ணியவானின் ‘செலாஞ்சார் அம்பாட்’, சுதந்திர நாட்டிலேயே தமிழர்கள் கொத்தடிமைகளாக அடைபட்டுக் கிடந்ததை நினைவுபடுத்தியது. ம. நவீனின் ‘பேய்ச்சி’ 1981-இல் லூனாசில் நச்சுச் சாராயம் பலிகொண்டவர்களின் கதையைத் தொட்டது. 2020 டிசம்பரில் உள்துறை அமைச்சு அந்த நாவலை ஆபாசம் என்று தடைசெய்தது. நவீனின் அடுத்த நாவல் ‘சிகண்டி’ கோலாலம்பூரின் சௌக்கிட்டுக்குள் இறங்கியது. ‘இதோ நகர நாவல், தோட்டம் ஒழிந்தது’ என்று சிலர் கொண்டாடினார்கள். எனக்கு அது புரியவில்லை. சௌக்கிட்டிலும் செந்தூலிலும் கிள்ளான் துறைமுகத்திலும் அலையும் நம் பையன்கள் வானத்திலிருந்தா விழுந்தார்கள்? லயம் இடிந்த தூசி அவர்கள் தலையில் இன்னும் இருக்கிறது. நகரத்தை எழுதுகிறவன் அந்தத் தூசியைத் தட்டிவிட்டு எழுதினால், அவனும் பெயர்ப்பலகை மாற்றும் வேலையைத்தான் செய்கிறான்.

ஆகவே மாய நிலத்துக்கு நான் எதிரி அல்ல. எழுதுங்கள். நினைவை உறிஞ்சும் காடு வேண்டுமா, அதன் நீளம் 415 கிலோமீட்டர் என்று எழுதுங்கள். பெயரை அழிக்கும் ஊர் வேண்டுமா, அங்கே இன்று ஒரு பேரங்காடியும் எல்ஆர்டி நிலையமும் உண்டு என்று எழுதுங்கள். மக்கோந்தோக்காரர்கள் மறந்துவிடாமலிருக்கப் பொருள்களின்மேல் பெயர் எழுதி ஒட்டினார்கள். அந்த வேலையை நம் புனைவு இனித்தான் தொடங்க வேண்டும். தீம்பார், காண்டா, மங்கு, ஒட்டுப்பால், ஆயாக் கொட்டகை என்று ஒவ்வொரு சொல்லுக்கும் அதைக் கையில் பிடித்த ஒரு மனிதன் உண்டு, அவனுக்கு ஒரு பெயர் உண்டு. தமிழ் நேசன்கூட 2019-இல் நின்றுபோனது. நமக்காக இதை எழுதிவைக்க இனி யாரும் வரப்போவதில்லை.

இளம் எழுத்தாளர்களுக்கு ஒரு வேண்டுகோள். அடுத்த நாவலைத் தொடங்கும் முன் ஒரு காலையில் பண்டார் உத்தாமாவுக்குப் போய்வாருங்கள். பேரங்காடிக்கு அருகே தமிழ்ப்பள்ளி ஒன்று இருக்கிறது. சுற்றுவட்டாரத்தில் ஒரு பால்மரம் கிடையாது, லயம் கிடையாது, பெரட்டு மணி கிடையாது. பள்ளியின் பெயரை மட்டும் யாரும் இன்னும் மாற்றவில்லை. சுபாங் ஜெயாவிலும் ஷா ஆலமிலும் கிள்ளானிலும் இதே போன்ற பள்ளிகள் சீஃபீல்டு, மிட்லண்ட்ஸ், புக்கிட் ராஜா என்ற பெயர்களோடு இருக்கின்றன. பண்டார் உத்தாமா பள்ளியின் பெயர் ‘லாடாங் எஃபிங்ஹாம்’. லாடாங் என்றால் தோட்டம்.